படபடப்புக்குக் குளிர்ந்த நீர்: பிளாஸ்க் கையில் இல்லாத நாளில் என்ன செய்வது?

கேள்வி: எனக்கு வயது 34. எட்டு மாதங்களுக்கு முன் லிஃப்டில் போய்க்கொண்டிருந்தபோது திடீரென்று நெஞ்சு படபடத்தது, மூச்சு முட்டியது, விரல் நுனிகள் மரத்துப்போயின. உயிர் போய்விடும் என்றே நினைத்தேன். மருத்துவமனையில் இ.சி.ஜி., ரத்தப் பரிசோதனை எல்லாம் எடுத்துப் பார்த்துவிட்டு, இதயத்தில் கோளாறு ஒன்றுமில்லை, இது பேனிக் அட்டாக் என்றார்கள். அதன் பிறகு வாரத்துக்கு இரண்டு மூன்று முறை வருகிறது. ஐஸ் போட்ட தண்ணீரில் முகத்தை அமிழ்த்தினால் அடங்கும் என்று ஒரு காணொளியில் பார்த்துச் செய்தேன். ஒரு நிமிடத்தில் அடங்கியது. அன்றிலிருந்து ஐஸ் தண்ணீர் நிரப்பிய பிளாஸ்க் இல்லாமல் நான் வெளியே கிளம்புவதில்லை. போன வாரம் அதை மறந்துவிட்டு பஸ் ஏறியவள், பாதி வழியில் இறங்கி வீட்டுக்குத் திரும்பிவிட்டேன். தினமும் பத்து நிமிடம் ஐஸ் தொட்டியில் உட்கார்ந்தால் இது அடியோடு போய்விடும் என்கிறாள் தோழி. குளிர்ந்த நீர் உண்மையிலேயே வேலை செய்கிறதா, அல்லது என் மனப்பிரமையா? நான் தேறிவருகிறேனா, மோசமாகிக்கொண்டிருக்கிறேனா? இன்னொன்று: என் அப்பாவுக்கு 63 வயது. இதயத் துடிப்பைக் குறைக்கும் மாத்திரை எடுத்துக்கொள்கிறார். அவருக்கும் சில வாரங்களாகப் படபடப்பு. அவரையும் இப்படிச் செய்யச் சொல்லலாமா?

பதில்: அன்புள்ள சகோதரிக்கு,

கடைசியாகக் கேட்டதற்கு முதலில் பதில் சொல்கிறேன். வேண்டாம், அப்பா இதைச் செய்யக் கூடாது. ஏற்கெனவே சொல்லியிருந்தால் இன்றே தடுத்துவிடுங்கள்.

குளிர்ந்த நீர் முகத்தில் படும்போது நாடித் துடிப்பு குறைகிறது. உங்களுக்குக் கிடைத்த நன்மையில் ஒரு பங்கு அதனால்தான். அப்பா எடுத்துக்கொள்ளும் மாத்திரை பீட்டா பிளாக்கர் வகையைச் சேர்ந்ததாக இருக்கலாம். அதன் வேலையும் துடிப்பைக் குறைப்பதே. இரண்டும் சேர்ந்தால் துடிப்பு அளவுக்கு மீறிக் குறைந்து தலைசுற்றல், மயக்கம், சில சமயம் துடிப்பின் ஒழுங்கே குலைந்துபோவது வரை போகலாம். அதைவிட முக்கியமானது ஒன்று உண்டு. 63 வயதில் புதிதாக வரும் படபடப்பைப் பதற்றம் என்று நாமே முடிவு செய்துவிடக் கூடாது. ஏட்ரியல் ஃபிப்ரிலேஷன் என்னும் ஒழுங்கற்ற இதயத் துடிப்பு வயது ஏற ஏற அதிகம் வருவது. கவனிக்காமல் விட்டால் பக்கவாதத்துக்கு வழி வகுப்பது. படபடப்பு வரும் நேரத்தில் அவருடைய மணிக்கட்டில் விரல் வைத்து ஒரு முழு நிமிடம் எண்ணுங்கள். எத்தனை துடிப்பு, சீராக இருக்கிறதா, தாறுமாறாக இருக்கிறதா என்று குறித்துக்கொண்டு இதய மருத்துவரிடம் காட்டுங்கள். நெஞ்சுவலி, மூச்சுத்திணறல், மயக்கம் இவற்றில் ஒன்று சேர்ந்து வந்தாலும் எண்ணிக்கொண்டிருக்காமல் நேராக அவசர சிகிச்சைக்கு அழைத்துப் போங்கள்.

இனி உங்களைப் பற்றி. இது மனப்பிரமை அல்ல. நீங்கள் கண்டுகொண்ட பலன் உண்மையானது. அதன் பின்னால் பழைய உடலியல் இருக்கிறது. பாலூட்டிகளுக்கும் பறவைகளுக்கும் முகம் நீரில் மூழ்கி மூச்சு நின்றவுடன், இருக்கும் ஆக்சிஜனைச் சிக்கனமாகச் செலவிடும்படி உடல் தானாகவே மாறிக்கொள்ளும். இதயம் மெதுவாகும், கை கால்களின் ரத்தக் குழாய்கள் சுருங்கி, ரத்தம் மூளைக்கும் இதயத்துக்கும் ஒதுக்கப்படும். வாத்துகள் மூழ்கும்போது அவற்றின் இதயத் துடிப்பு குறைவதை 1870-இல் பிரெஞ்சு உடலியலாளர் பால் பெர் எழுதிவைத்தார். கடல்நாய்களிடம் இது மிகவும் வலுவாக இருக்கிறது. நம்மிடமும் இருக்கிறது, அளவு குறைவு: பெரியவர்களுக்குத் துடிப்பு சுமார் 10 முதல் 25 சதவீதம் வரை இறங்கும். முக்குளிப்பு அனிச்சை என்று இதைச் சொல்லலாம். நெற்றி, கண்களைச் சுற்றிய பகுதி, மூக்கு ஆகிய இடங்களில் படும் குளிர்ச்சியை முக்கிளை நரம்பு மூளைத்தண்டுக்கு எடுத்துச் செல்கிறது. அங்கிருந்து வேகஸ் நரம்பு வழியாக இதயத்துக்குக் கட்டளை இறங்குகிறது. நீங்கள் நம்பினாலும் நம்பாவிட்டாலும் இது நடக்கும். இதயம் திடீரென்று தறிகெட்டு வேகமாகத் துடிக்கும் ஒரு நோயை இந்த வழியில் நிறுத்த முடிந்ததை 1970-களிலேயே மருத்துவ இதழ்கள் பதிவு செய்தன. அந்த நோயுள்ள கைக்குழந்தைகளுக்கு முகத்தில் ஐஸ் பையை வைத்துச் சில நொடிகளில் துடிப்பைச் சீராக்கும் முறையை மருத்துவர்கள் இன்றும் கையாளுகிறார்கள். மருத்துவமனையில் கண்காணிப்போடு செய்வது அது. வீட்டில் எந்தக் குழந்தைக்கும் செய்து பார்க்க வேண்டாம்.

ஆனால் அந்த ஒரு நிமிடத்தில் நடந்தது இது மட்டுமல்ல.

விரல் நுனி மரத்துப்போனதாக எழுதியிருக்கிறீர்கள். மூச்சு முட்டுகிறது என்று தோன்றும்போது, உண்மையில் நாம் தேவைக்கு மேல் மூச்சு விட்டுக்கொண்டிருக்கிறோம். அதனால் ரத்தத்தில் கரியமில வாயு குறைகிறது. விரல்களும் உதடுகளும் மரக்கின்றன, தலை கிறுகிறுக்கிறது. காற்று போதவில்லை என்ற உணர்வு இன்னும் கூடுகிறது. அதனால் இன்னும் வேகமாக மூச்சு விடுகிறோம். முகத்தை நீரில் வைத்து இருபது நொடி மூச்சை அடக்கும்போது இந்தச் சுழல் அறுகிறது. கரியமில வாயு மெல்லத் திரும்பி ஏறுகிறது. எனவே பலனில் ஒரு பங்கு குளிருக்கு என்றால், ஒரு பங்கு மூச்சை நிறுத்தியதற்கு. குளிரின் உறைப்பு கவனத்தை நெஞ்சிலிருந்து முகத்துக்கு இழுத்ததற்கும் ஒரு பங்கு உண்டு.

எல்லாவற்றுக்கும் மேலாக ஒன்று. பேனிக் அட்டாக் சில நிமிடங்களில் உச்சத்தைத் தொட்டுவிட்டுத் தானே இறங்கக்கூடியது. ஒன்றும் செய்யாவிட்டாலும் இறங்கும். ஐஸ் தண்ணீரைத் தேடி எடுத்து, பாத்திரத்தில் ஊற்றி, முகத்தை அமிழ்த்தும் நேரத்தில் அலை பெரும்பாலும் தன் உச்சியைக் கடந்திருக்கும். குடை விரித்ததால்தான் மழை விட்டது என்று ஒருவர் உளமார நம்பினால், மறுநாள் வெயிலிலும் குடையைக் கீழே வைக்க மாட்டார். உங்கள் பிளாஸ்க்கை நினைக்கும்போது எனக்கு அந்தக் குடைதான் ஞாபகம் வருகிறது. இதற்கு மீண்டும் வருகிறேன்.

முதலில் செய்முறையைச் சரிசெய்துகொள்வோம், ஏனெனில் இதை முழுவதுமாகக் கைவிடச் சொல்லப்போவதில்லை. ஐஸ் மிதக்கும் கடுங்குளிர் தேவையில்லை. சுமார் 10 டிகிரி செல்சியஸுக்குக் கீழே போனால் வலிதான் கூடும். குளிர்பதனப் பெட்டியில் வைத்த தண்ணீரோடு குழாய்த் தண்ணீரைக் கலந்தால் போதும். உட்கார்ந்துகொள்ளுங்கள். பக்கத்தில் ஆள் இருந்தால் மட்டும் பாத்திரத்தில் முகத்தை அமிழ்த்துங்கள்: முன்னே குனிந்து, நெற்றியும் கண்களும் மூக்கும் நனையும்படி, பதினைந்து முதல் முப்பது நொடி வரை, வருத்தமில்லாமல் மூச்சை அடக்க முடியும் அளவுக்கு. வேகவேகமாக மூச்சு இழுத்துவிட்டு உடனே நீரில் முகம் வைக்காதீர்கள். அப்படிச் செய்தால் நினைவு தப்பக்கூடும். முதலில் மூச்சை நிதானமாக வெளியே விட்டுவிட்டு அமிழ்த்துங்கள். தனியாக இருந்தால் பாத்திரமே வேண்டாம். குளிர்ந்த நீரில் நனைத்த துணியைக் கண்களுக்கு மேலும் கன்னங்களிலும் வைத்து முன்னே குனிந்து மூச்சை அடக்கினால் அதே பலனில் பெரும்பகுதி கிடைத்துவிடும். ஐஸ் கட்டியைத் துணி சுற்றாமல் தோலில் வைக்காதீர்கள். கான்டாக்ட் லென்ஸ் அணிபவராக இருந்தால் கழற்றிவிடுங்கள். குளியலறையில் செய்தால் கதவைத் தாழிடாதீர்கள்.

மணிக்கட்டில் குளிர்ந்த நீர் விடுவதும் உள்ளங்கையில் ஐஸ் கட்டியைப் பிடிப்பதும் இதே பலனைத் தரும் என்று பலர் சொல்லித்தருகிறார்கள். அவை கவனத்தைத் திருப்பும். சிலருக்கு அதுவே உதவும். ஆனால் முகத்தில் நடக்கும் அனிச்சை கையில் நடக்காது. ஐஸ் தண்ணீரில் கையை அமிழ்த்தினால் ரத்த அழுத்தம் ஏறும். அந்த ஏற்றத்தை அளப்பதற்கென்றே மருத்துவத்தில் ஒரு பரிசோதனை இருக்கிறது. குளிர் எங்கே படுகிறது என்பதைப் பொறுத்து உடல் நேரெதிராக நடந்துகொள்கிறது.

தோழி சொல்லும் ஐஸ் தொட்டிக்கு நான் சம்மதிக்கத் தயங்குவது இதனால்தான். கழுத்து வரை கடுங்குளிர் நீரில் இறங்கினால் முதலில் எழுவது முக்குளிப்பு அனிச்சை அல்ல, குளிர் அதிர்ச்சி. தன்னையறியாமல் வாய் பிளந்து மூச்சை இழுப்பது, கட்டுக்கடங்காத வேக மூச்சு, நாடித் துடிப்பும் ரத்த அழுத்தமும் எகிறுவது. முதல் அரை நிமிடத்தில் உச்சம், இரண்டு மூன்று நிமிடங்களில் தணிவு. இந்த வருணனையை உங்கள் லிஃப்ட் அனுபவத்துக்குப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள், வேறுபாடு தெரியாது. முகமும் நீரில் மூழ்கினால், துடிப்பை ஏற்றும் கட்டளையும் இறக்கும் கட்டளையும் ஒரே நேரத்தில் இதயத்துக்குப் போகும். அந்த இழுபறியில் நல்ல உடல்நலம் உள்ளவர்களுக்குக்கூடத் துடிப்பின் தாளம் தப்பக்கூடும். குளிர்ந்த நீரில் இருந்தவர்களுக்கு, உடலையும் மனத்தையும் தூண்டும் வேதிப்பொருள்களான நோரட்ரினலின் 530 சதவீதமும் டோபமின் 250 சதவீதமும் கூடியதாக ஒரு கணக்கு சமூக ஊடகங்களில் ஓயாமல் சுற்றுகிறது. 2000-இல் வந்த ஆய்வு அது. ஆரோக்கியமான இளைஞர்கள் 14 டிகிரி நீரில் தலையை வெளியே வைத்து ஒரு மணி நேரம் இருந்தபோது எடுத்த அளவு. பதற்ற நோய்க்கு மருந்து தேடிய ஆய்வல்ல. அதைக் கையில் வைத்துக்கொண்டு "அடியோடு போய்விடும்" என்று நோயாளிக்கு வாக்குக் கொடுப்பது எனக்குக் கோபத்தையே தருகிறது. பல நாள் பழக்கத்தில் குளிர் அதிர்ச்சி குறையும் என்பது உண்மைதான், குளிர்நீர்க் குளியல் உற்சாகம் தருவதாகச் சொல்பவர்களும் பலர். உங்களுக்குப் பிடித்திருந்தால் வழக்கமான குளியலின் கடைசி அரை நிமிடத்தைக் குளிர்ந்த நீரில் முடித்துப் பாருங்கள். சிகிச்சை என்ற பெயரில் தொட்டியில் இறங்க வேண்டாம்.

இதய நோய் உள்ளவர்கள், துடிப்பு இயல்பாகவே குறைவாக உள்ளவர்கள், சாப்பாட்டை வெறுத்து உடல் எடை மிகவும் குறைந்துபோனவர்கள், குளிர் பட்டால் தோல் தடித்து அரிப்பவர்கள் ஆகியோர் முகத்தை அமிழ்த்தும் முறையைக்கூட மருத்துவரைக் கேட்காமல் செய்யக் கூடாது. பதற்றத்துக்கென்றே சிலருக்குப் புரொப்பரனலால் எழுதித்தருவதுண்டு. அதுவும் பீட்டா பிளாக்கர்தான். உங்களுக்கு யாராவது அதைக் கொடுத்திருந்தால் நீங்களும் கேட்டுக்கொள்ளுங்கள்.

இப்போது பஸ்ஸுக்கு வருகிறேன். உங்கள் கடிதத்தை இரண்டு முறை படித்தேன். இரண்டு முறையும் அந்த இடத்தில் நின்றுவிட்டேன். அன்று உங்களுக்கு பேனிக் அட்டாக் வந்ததாக நீங்கள் எழுதவில்லை. பிளாஸ்க் இல்லை என்பது மட்டும் நினைவுக்கு வந்தது, இறங்கிவிட்டீர்கள். தேறிவருகிறேனா, மோசமாகிறேனா என்று கேட்டீர்களே, அதற்கான விடை இங்கே இருக்கிறது. அலையை அடக்கும் திறமை உங்களுக்கு வந்துவிட்டது. அலையைப் பற்றிய அச்சமோ வளர்ந்திருக்கிறது.

அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய் என்பார்கள். இந்த நோயில் அந்த இருட்டு நம் உடம்புக்குள்ளேயே இருக்கிறது. படி ஏறினால் வரும் துடிப்பு, பசியில் வரும் நடுக்கம், ஒரு தூக்கம் கெட்ட இரவு எல்லாமே பேயாகத் தெரியும். 1986-இல் டேவிட் கிளார்க் என்னும் பிரிட்டிஷ் உளவியலாளர் இதைத் தெளிவாக வகுத்துச் சொன்னார்: உடலில் எழும் ஒரு சாதாரண உணர்வைப் பேராபத்தின் அறிகுறி என்று மனம் தவறாகப் படிக்கிறது; அந்த அச்சம் அதே உணர்வைப் பெருக்குகிறது; பெருகியதைப் பார்த்து மனம் மேலும் அஞ்சுகிறது. இந்த நிலையில், கைவசம் ஒரு காப்பு இருந்தால்தான் தப்பிப்பேன் என்று நாம் எதையாவது பற்றிக்கொள்கிறோம். சிலருக்கு அது பையில் கிடக்கும் ஒரு மாத்திரை, சிலருக்குக் கூட வரும் கணவர், உங்களுக்கு பிளாஸ்க். காப்பு ஒவ்வொரு முறை "காப்பாற்றும்போதும்" மனம் கற்றுக்கொள்வது ஒன்றுதான்: இது இல்லையென்றால் செத்திருப்பேன். ஒன்றும் ஆகாது என்பதைக் கற்றுக்கொள்ளும் வாய்ப்பு ஒவ்வொரு முறையும் கை நழுவுகிறது.

குளிர்ந்த நீர் முறையை மனநல சிகிச்சையில் பலரும் அறியச் செய்தவர் அமெரிக்க உளவியலாளர் மார்ஷா லினஹான். தற்கொலை எண்ணமும் தன்னைக் காயப்படுத்திக்கொள்ளும் பழக்கமும் உள்ளவர்களுக்காக அவர் உருவாக்கிய சிகிச்சையில், நெருக்கடி உச்சத்தில் இருக்கும் சில நிமிடங்களை மேலும் விபரீதமில்லாமல் கடப்பதற்கான திறன்களில் ஒன்றாக இதை வைத்தார். உடல் சற்றுத் தணிந்ததும் அடுத்த வேலையைத் தொடங்க வேண்டும் என்பதே ஏற்பாடு. உங்களுக்கு அந்த அடுத்த வேலையை யாரும் சொல்லித்தரவில்லை. குறை உங்களுடையதல்ல.

நாளைக்கே பிளாஸ்க்கைத் தூக்கிப் போடச் சொல்லவில்லை. இந்த வாரம் ஐஸை மட்டும் நிறுத்துங்கள்; பிளாஸ்க்கில் சாதாரணத் தண்ணீர் இருக்கட்டும். ஒரு சின்ன நோட்டு வைத்துக்கொள்ளுங்கள். படபடப்பு தொடங்கியதும் அச்சத்துக்குப் பத்துக்கு எத்தனை மதிப்பெண் என்று எழுதுங்கள். கடிகாரத்தைப் பார்த்து மூன்று நிமிடம் பொறுத்திருங்கள். மீண்டும் மதிப்பெண் எழுதுங்கள். அதற்குப் பிறகும் வேண்டுமென்றால் தண்ணீரைப் பயன்படுத்துங்கள், குற்ற உணர்ச்சி வேண்டாம். அடுத்த வாரம் ஐந்து நிமிடம், அதற்கடுத்த வாரம் பத்து. காத்திருக்கும் நேரத்தில் மூச்சை ஆழமாக இழுக்க முயலாதீர்கள். வெளியே விடுவதை மட்டும் நீளமாக்குங்கள். மதிப்பெண் தானாக இறங்குவதை உங்கள் கையெழுத்திலேயே பார்ப்பீர்கள். சில நாட்களில் இறங்காது. அதையும் அப்படியே எழுதுங்கள். பிறகு பிளாஸ்க்கை வீட்டில் வைத்துவிட்டுத் தெருமுனை வரை போய் வாருங்கள். அதன் பிறகு பஸ்ஸில் ஒரு நிறுத்தம், இரண்டு நிறுத்தம். பாதியில் இறங்க நேர்ந்தால் வீட்டுக்குத் திரும்பாமல் அங்கேயே நின்று, அலை தணிந்ததும் அடுத்த பஸ்ஸில் ஏறிப் போங்கள். இதைச் சொல்வது எளிது என்று எனக்குத் தெரியும். முதல் முறை கால்கள் நடுங்கும்.

இவ்வளவையும் தனியாகச் செய்ய வேண்டும் என்று நான் நினைக்கவில்லை. வாரம் இரண்டு மூன்று முறை வருகிறது, எட்டு மாதமாகிறது, வெளியே போவது சுருங்கிவிட்டது. இது சிகிச்சை தேவைப்படும் நிலை. அறிதிறன் நடத்தைச் சிகிச்சையில் பயிற்சி பெற்ற உளவியலாளரைப் பாருங்கள். இந்த நோய்க்கு நன்றாக வேலை செய்யும் முறை என்று பல ஆய்வுகளில் நிலைபெற்றது அது. பெரும்பாலும் சில மாதங்களில் முடிந்துவிடும். அங்கே உங்களை வேண்டுமென்றே ஒரே இடத்தில் ஓடவும், நாற்காலியில் சுழலவும், மெல்லிய குழாய் வழியாக மூச்சு விடவும் சொல்வார்கள். நீங்கள் அஞ்சும் அதே உணர்வுகளைப் பாதுகாப்பான அறையில் நீங்களே வரவழைத்துப் பார்ப்பதற்காக. மருந்து தேவையா என்பதை மனநல மருத்துவர் பார்த்துச் சொல்லட்டும். செரட்டோனின் சார்ந்த மருந்துகள் பலருக்கு உதவுகின்றன. பலன் தெரியச் சில வாரங்கள் ஆகும், தொடக்கத்தில் பதற்றம் சற்றுக் கூடினாற்போலவும் இருக்கலாம், அதைக் கண்டு பாதியில் நிறுத்திவிடாதீர்கள். ரத்தப் பரிசோதனையில் தைராய்டும் ஹீமோகுளோபினும் பார்த்தார்களா என்று பழைய அறிக்கையை எடுத்துச் சரிபாருங்கள். விட்டுப்போயிருந்தால் அவற்றை மட்டும் பார்த்துவிடலாம். காபி எத்தனை கோப்பை குடிக்கிறீர்கள் என்று நீங்கள் எழுதவில்லை. அதையும் நோட்டில் சேருங்கள்.

முதல் சந்திப்புக்குப் போகும்போது அந்த நோட்டைக் கையோடு எடுத்துச் செல்லுங்கள். எட்டு மாதத்தையும் வாயால் விவரிப்பதைவிட, மூன்று வாரக் குறிப்பு அவர்களுக்கு அதிகம் சொல்லும்.